தவறு யாருடையது?



ஒரு வீட்டில் துக்கம் நேர்ந்துவிட்டால், துக்கம் கேட்க வருகிறவர்கள் முதலில் கேட்பது, "எப்படி நடந்தது?" என்பதுதான். பதினாறாம் நாள் காரியம் முடிந்து, உறவினர்கள் ஒவ்வொருவராகப் புறப்பட்டுப் போன பிறகு, அந்த வீட்டுத் தாயின் மனத்தில் வேறொரு கேள்வி எழுகிறது: "இனி இந்தப் பிள்ளைகளுக்கு யார் சோறு போடுவார்கள்?" இறந்தவர் மோட்டார் வாகனத்தால் இறந்தவர் என்றால், இந்த இரண்டு கேள்விகளுக்கும் நடுவே சட்டம் மூன்றாவதாக ஒரு கேள்வியைக் கொண்டுவந்து வைக்கிறது: "தவறு யாருடையது?"

இந்த மூன்றாவது கேள்வி எங்கிருந்து வந்தது? அதைக் கேளாமலே குடும்பத்துக்கு இழப்பீடு கொடுக்கலாம் என்ற எண்ணம் எப்படிப் பிறந்தது? நம் நாட்டில் இன்று நிலைமை என்ன? இவற்றைப் பற்றித்தான் இன்று பேசப் போகிறோம்.

ஓர் எடுத்துக்காட்டை மனத்தில் வைத்துக்கொள்வோம். விடியற்காலை ஐந்தரை மணி. பால்மரம் வெட்டும் தொழிலாளி ஒருவர் பெரட்டுக்கு மோட்டார் சைக்கிளில் போகிறார். தூறல் விழுகிறது. தோட்டத்துச் செம்மண் பாதை பெரிய சாலையில் சேரும் இடத்தில் ஒரு லாரி அவரை மோதிவிடுகிறது. பார்த்தவர் யாருமில்லை. "விளக்குப் போடாமல் அவர்தான் குறுக்கே வந்தார்" என்கிறார் லாரி ஓட்டுநர். இறந்தவர் எழுந்து வந்து பதில் சொல்லப் போவதில்லை. வீட்டில் மனைவியும் மூன்று பிள்ளைகளும். இது கற்பனைதான், ஆனால் இப்படி நடக்கவே நடக்காது என்று நம்மில் யாரும் சொல்ல மாட்டோம். இந்த அம்மாளுக்கு அந்தந்தக் காலத்துச் சட்டம் என்ன கொடுத்திருக்கும் என்று கேட்டுக்கொண்டே வரலாற்றில் நடந்து வருவோம்.

நம் நாட்டுச் சட்டத்தின் வேர் இங்கிலாந்தில் இருப்பதால் அங்கிருந்தே தொடங்க வேண்டும். 1808-ஆம் ஆண்டு. மோட்டார் வாகனம் தோன்றாத காலம். பேக்கர் என்பவரும் அவர் மனைவியும் பயணம் செய்த குதிரைக் கோச்சு வண்டி கவிழ்ந்தது. அடிபட்ட மனைவி ஒரு மாதம் கழித்து இறந்து போனார். கணவர் வண்டிக்காரர்கள் மீது வழக்குத் தொடுத்தார். வழக்கை விசாரித்த எல்லன்பரோ பிரபு என்ற தலைமை நீதிபதி, ஒரு மனிதரின் சாவுக்காக உரிமையியல் நீதிமன்றத்தில் இழப்பீடு கேட்க வழியில்லை என்று கூறிவிட்டார். மனைவி உயிரோடிருந்த அந்த ஒரு மாதத்தில் கணவர் பட்ட இழப்புக்கு மட்டுமே கணக்குப் பார்க்கப்பட்டது. காலை ஒடித்தால் பணம் கொடுக்க வேண்டும். ஆளையே கொன்றுவிட்டால் ஒன்றும் கொடுக்க வேண்டாம். அன்றைய சட்டம் அப்படித்தான் இருந்தது.

அக்காலத்தில் வேறொரு விந்தையான வழக்கமும் இருந்தது. மனிதரின் சாவுக்குக் காரணமான பொருள், அது வண்டியானாலும் குதிரையானாலும், பறிமுதலுக்கு உரியது. அல்லது அதன் மதிப்பைப் பணமாகக் கட்ட வேண்டும். இதற்கு 'டியோடண்ட்' என்று பெயர். கடவுளுக்குக் கொடுக்க வேண்டியது என்பது அந்த இலத்தீன் சொல்லின் பொருள். ஆனால் பணம் போய்ச் சேர்ந்தது கடவுளுக்கும் அல்ல, இறந்தவரின் குடும்பத்துக்கும் அல்ல. அரசருக்கோ, அரசரிடம் அந்த உரிமையைப் பெற்ற நிலக்கிழாருக்கோதான்.

1841-ஆம் ஆண்டு டிசம்பர் 24-ஆம் நாள் நடந்த ஒரு விபத்து இந்த அநியாயத்தை எல்லாருக்கும் எடுத்துக் காட்டியது. லண்டனில் புதிய நாடாளுமன்றக் கட்டடத்தில் வேலை செய்துகொண்டிருந்த கல் தொழிலாளர்கள் பலர், கிறிஸ்துமஸ் பண்டிகைக்காக ஊருக்குப் புறப்பட்டார்கள். சாமான் ஏற்றும் இரயிலில், கூரையில்லாத, பக்கப் பலகை தாழ்வான திறந்த பெட்டிகளில் அவர்களை ஏற்றினார்கள். மழையில் சோனிங் என்னுமிடத்தில் மண் சரிந்து தண்டவாளத்தை மூடியிருந்தது. இரயில் அதில் மோதியது. திறந்த பெட்டிகளில் இருந்தவர்கள் தூக்கி எறியப்பட்டார்கள். ஒன்பது பேர் மாண்டார்கள். லாரியின் பின்புறத்தில் நின்றுகொண்டே வேலைக்குப் போன அனுபவம் உள்ள நம் பெரியவர்களுக்கு இதை விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை.

விசாரணை செய்த ஜூரிகள் அந்த இயந்திரத்தின் மீதும் பெட்டிகளின் மீதும் 1,000 பவுன் டியோடண்ட் விதித்தார்கள். அந்தத் தொழிலாளர்களின் விதவைகளுக்கு அதில் சட்டப்படி ஒரு காசும் உரிமையில்லை.

இரயில் விபத்துகள் பெருகப் பெருக, நாடாளுமன்றத்துக்கு வேறு வழியில்லாமல் போயிற்று. 1846-ஆம் ஆண்டு டியோடண்ட் ஒழிக்கப்பட்டது. அதே ஆண்டில் கேம்பெல் பிரபு கொண்டுவந்த சட்டம் நிறைவேறியது. இறந்தவரின் மனைவி, கணவன், பெற்றோர், பிள்ளைகள் ஆகியோர் இழப்பீடு கேட்டு வழக்குத் தொடுக்கும் உரிமையை அது முதன்முதலாகக் கொடுத்தது. இந்தியாவில் 1855-ஆம் ஆண்டு இதே போன்ற சட்டம் வந்தது. மலாயாவில் 1956-ஆம் ஆண்டின் உரிமையியல் சட்டத்தில், ஏழாம் பிரிவாக அதே கருத்து இடம் பெற்றது.

பெரிய முன்னேற்றம்தான். ஆயினும் கதவைத் திறந்த அதே சட்டம் வாசலில் ஒரு காவற்காரனையும் நிறுத்திவிட்டது. "எதிராளியின் தவறால்தான் சாவு நேர்ந்தது என்று நிரூபித்துவிட்டு உள்ளே வா" என்கிறான் அந்தக் காவற்காரன். நிரூபிக்கச் சாட்சி வேண்டும், இடத்தின் வரைபடம் வேண்டும், வழக்கறிஞர் வேண்டும், காத்திருக்க ஆண்டுகள் வேண்டும். நம் எடுத்துக்காட்டில் வரும் அம்மாளிடம் இவற்றில் எது இருக்கிறது?

பிறகு மோட்டார் வாகனம் வந்தது. 1896-ஆம் ஆண்டு ஆகஸ்டு 17-ஆம் நாள் லண்டனில் பிரிட்ஜெட் டிரிஸ்கோல் என்ற 44 வயதுப் பெண்மணி காரில் அடிபட்டு இறந்தார். பிரிட்டனில் பெட்ரோல் காரால் இறந்த முதல் பாதசாரி அவரே என்று சொல்வார்கள். "தற்செயலான சாவு" என்று ஜூரிகள் தீர்ப்புக் கூறினார்கள். தற்செயல் என்றால் யார் மீதும் தவறில்லை. தவறில்லை என்றால் இழப்பீடும் இல்லை.

வாகனங்கள் பெருகியபோது இன்னொரு சிக்கல் தெரிந்தது. தவறு செய்தவர் வெறுங்கையராக இருந்தால், வழக்கில் வென்றும் பயனில்லை. எனவே 1930-ஆம் ஆண்டுச் சட்டத்தின் வழியாகப் பிரிட்டன், வாகனம் வைத்திருப்போர் மற்றவர்களுக்கு நேரும் தீங்குக்காகக் காப்புறுதி எடுத்தே ஆக வேண்டும் என்று கட்டாயமாக்கியது. இந்தியாவில் 1939-ஆம் ஆண்டின் மோட்டார் வாகனச் சட்டத்தில் இருந்த இதே ஏற்பாடு 1946-ஆம் ஆண்டு ஜூலை முதல் நடைமுறைக்கு வந்தது. நம் நாட்டில் 1958-ஆம் ஆண்டுச் சாலைப் போக்குவரத்துச் சட்டத்திலும், அதற்குப் பின் வந்த 1987-ஆம் ஆண்டுச் சட்டத்திலும் இந்தக் கட்டாயம் உண்டு.

இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும், நேயர்களே. காப்புறுதி இருக்கிறது என்றாலே பணம் வந்துவிடும் என்று நம்மில் பலர் எண்ணுகிறோம். அப்படியல்ல. இந்த வகைக் காப்புறுதியில், நிறுவனம் ஓட்டுநரின் நிழல் போன்றது. ஓட்டுநர் கொடுக்கக் கடமைப்பட்டிருந்தால்தான் நிறுவனம் கொடுக்கும். அவர் மீது தவறில்லை என்று முடிந்தால், பெட்டி நிறையப் பணம் இருந்தும் பூட்டுத் திறக்காது.

இவ்வளவுக்கும், தவறைக் கேளாமல் கொடுக்கும் வழி வேறோர் இடத்தில் முன்பே கண்டுபிடிக்கப்பட்டிருந்தது. அந்த இடம் தொழிற்சாலை. ஜெர்மனியில் 1884-ஆம் ஆண்டு தொழிலாளர் விபத்துக் காப்புறுதிச் சட்டம் வந்தது. இங்கிலாந்தில் 1897-ஆம் ஆண்டு தொழிலாளர் இழப்பீட்டுச் சட்டம் வந்தது. தொழிலாளி வேலையின்போது, வேலையின் காரணமாக இறந்தால், முதலாளி மீது தவறு இருந்தாலும் இல்லாவிட்டாலும், மூன்றாண்டுச் சம்பளத்துக்கு ஈடான தொகை குடும்பத்துக்கு உண்டு. அது 150 பவுனுக்குக் குறையாமலும் 300 பவுனுக்கு மேற்படாமலும் இருக்கும் என்று அச்சட்டம் கூறியது. இயந்திரம் ஓடினால் சிலர் அடிபடத்தான் செய்வார்கள். இயந்திரத்தால் இலாபம் பெறுகிறவர்கள் அந்த இழப்பையும் செலவுக் கணக்கில் சேர்த்துக்கொள்ள வேண்டும் என்பதே இதன் அடிப்படை.

நியாயமான எண்ணம் அல்லவா? அப்படியானால் சாலையில் ஓடும் இயந்திரத்துக்கு மட்டும் ஏன் இது பொருந்தக் கூடாது? இந்தக் கேள்வியைப் பல நாடுகள் கேட்டன. அவற்றில் இந்தியாவின் வரலாறு நமக்குப் பெரிய பாடம். அவர்களும் நம்மைப் போலவே ஆங்கிலேயச் சட்டத்திலிருந்து புறப்பட்டவர்கள்.

இந்தியாவில் 1956-ஆம் ஆண்டுத் திருத்தத்தின்படி, மோட்டார் விபத்து வழக்குகளுக்கெனத் தனித் தீர்ப்பாயங்கள் அமைக்க வழி செய்யப்பட்டது. வழக்கு விரைவாக முடியும் என்பது நோக்கம். ஆனால் காவற்காரன் அங்கேயும் வாசலில் நின்றான். 1977-ஆம் ஆண்டு இந்திய உச்ச நீதிமன்றம், கவனக் குறைவை நிரூபிக்காமல் வாகன உரிமையாளரிடமோ காப்புறுதி நிறுவனத்திடமோ இழப்பீடு பெற முடியாது என்று தீர்ப்பளித்தது. இருக்கிற சட்டம் அதுதான் என்று நீதிமன்றம் சொல்லிவிட்டது.

ஆனால் அதே நீதிமன்றத்தில் வேறொரு குரலும் எழுந்தது. நீதிபதி கிருஷ்ண ஐயர் தம் தீர்ப்புகளில், சாலையில் மாளும் ஏழைகளுக்குத் தவறைக் கேளாத இழப்பீடு வேண்டும் என்று மீண்டும் மீண்டும் வலியுறுத்தினார். 1979-ஆம் ஆண்டு அவர்முன் வந்த வழக்கு ஒன்று. அரசுப் பேருந்து மோதிக் குடும்பத்தின் ஒரே சம்பாத்தியக்காரர் இறந்துவிட்டார். மனைவியும் மகளும் இழப்பீடு கேட்டார்கள். அவர்களுக்கு உதவ வேண்டிய ஹரியானா மாநில அரசோ, நீதிமன்றக் கட்டணம் கட்டினால்தான் வழக்கு நடத்தலாம் என்று உச்ச நீதிமன்றம் வரை போய் வாதாடியது. ஏழைகளுக்கு அந்தக் கட்டணம் கட்டுவதிலிருந்து விலக்குப் பெற உரிமை உண்டு என்று நீதிபதி கூறினார். ஓர் அரசாங்கம் விதவையோடு மல்லுக்கு நிற்பதைக் கடுமையாகக் கண்டித்தார்.

இதற்கிடையில் இந்தியச் சட்ட ஆணையமும் 1972-ஆம் ஆண்டிலும் 1980-ஆம் ஆண்டிலும் மோட்டார் விபத்து இழப்பீட்டைப் பற்றி அறிக்கைகள் கொடுத்திருந்தது. கடைசியில் 1982-ஆம் ஆண்டு நாடாளுமன்றம் சட்டத்தைத் திருத்தியது. அவ்வாண்டு அக்டோபர் முதல் நாளிலிருந்து, மோட்டார் வாகனத்தைப் பயன்படுத்தியதால் ஒருவர் இறந்தால் 15,000 ரூபாயும், நிலையான உடற்குறை ஏற்பட்டால் 7,500 ரூபாயும் கொடுக்க வேண்டும். யாருடைய தவறு என்று குடும்பம் நிரூபிக்க வேண்டியதில்லை. இறந்தவர் மீதே தவறு இருந்தாலும் தொகையை மறுக்கவோ குறைக்கவோ கூடாது. மேற்கொண்டு அதிகம் வேண்டுமானால் தவறை நிரூபித்துக் கேட்கும் பழைய வழியும் திறந்தே இருக்கும். மோதிவிட்டு அடையாளம் தெரியாமல் ஓடிப்போகும் வாகனங்களால் இறந்தவர்களுக்காகத் தனி நிதி ஒன்றும் அப்போதே ஏற்பட்டது. அதிலிருந்து கிடைத்தது 5,000 ரூபாய்.

சட்டம் ஏட்டில் இருந்தால் போதாது. அதை எப்படிப் பொருள் கொள்கிறார்கள் என்பதும் முக்கியம். 1987-ஆம் ஆண்டு மகாராஷ்டிர மாநில நெடுஞ்சாலையில் ஒரு பெட்ரோல் லாரி விடியுமுன் மற்றொரு லாரியுடன் மோதிச் சாலையோரம் கவிழ்ந்தது. பெட்ரோல் கசிந்தது. பக்கத்து ஊர் மக்கள் கூடினார்கள். சில மணி நேரம் கழித்து அது வெடித்துத் தீப்பிடித்துப் பலர் மாண்டார்கள். "வண்டி அப்போது ஓடவில்லையே, சும்மா கிடந்ததுதானே! இது வாகனப் பயன்பாட்டால் வந்த சாவாகுமா?" என்று எதிர்த்தரப்பு வாதாடியது. ஆகும் என்று 1991-ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றம் தீர்ப்புக் கூறியது. ஏழைகளுக்கு உதவ வந்த சட்டத்தைக் குறுக்கிப் பார்க்கக் கூடாது என்பதே அதன் கருத்து.

தொகையும் படிப்படியாக உயர்ந்தது. சாவுக்கு 1988-ஆம் ஆண்டுச் சட்டத்தில் 25,000 ரூபாய். 1994-ஆம் ஆண்டு 50,000 ரூபாய். பின்னர் 2019-ஆம் ஆண்டுத் திருத்தம் 2022-ஆம் ஆண்டு ஏப்ரல் முதல் நடைமுறைக்கு வந்தபோது, அது 5 இலட்சம் ரூபாயாயிற்று. ஆனால் இந்தப் புதிய ஏற்பாட்டில் ஒரு நிபந்தனை உண்டு. அந்த 5 இலட்சத்தை ஏற்றுக்கொண்டால், தவறை நிரூபித்து அதிகம் கேட்கும் வழக்கு அத்தோடு முடிந்துவிடும்.

இந்தியாவைவிட முன்பே, இன்னும் துணிந்து சென்ற நாடு நியூசிலாந்து. நீதிபதி உட்ஹவுஸ் தலைமையில் அமைந்த ஆணையம் 1967-ஆம் ஆண்டு அறிக்கை கொடுத்தது. தவறை நிரூபிக்கும் வழக்கு, அதிர்ஷ்டச் சீட்டைப் போன்றது; சாட்சி கிடைத்தவனுக்குப் பரிசு, கிடைக்காதவனுக்கு ஒன்றுமில்லை என்பது அவர்கள் கண்ட உண்மை. 1974-ஆம் ஆண்டு ஏப்ரல் முதல் நாளிலிருந்து அந்நாட்டில் விபத்து இழப்பீட்டுத் திட்டம் நடந்து வருகிறது. வாகன உரிமையாளர்களிடமும் தொழில் நடத்துவோரிடமும் பணம் திரட்டி, அடிபட்டவருக்கும் இறந்தவரின் குடும்பத்துக்கும் கொடுக்கிறார்கள். அதற்கு ஈடாக, காயத்துக்கும் சாவுக்கும் இழப்பீடு கேட்டு வழக்குத் தொடுக்கும் உரிமையை மக்கள் விட்டுக்கொடுத்தார்கள்.

"தவறைக் கேட்காவிட்டால் ஓட்டுநர்கள் பொறுப்பில்லாமல் ஓட்ட மாட்டார்களா?" என்று நீங்கள் கேட்கலாம். தவறு செய்தவரைத் தண்டிப்பது வேறு. இறந்தவரின் பிள்ளைகளைக் காப்பது வேறு. தண்டிக்கப் போலீசும் குற்றவியல் நீதிமன்றமும் இருக்கின்றன. அந்த விசாரணை முடியும் வரை பிள்ளைகளின் வயிறு காத்திருக்க முடியாது. தவறைக் கேளாத திட்டங்களிலும் குறை உண்டு. தொகை பெரும்பாலும் குறைவு. சட்டத்தில் எழுதிய தொகையை விலைவாசி விழுங்கிவிடுகிறது. ஆனாலும் ஒன்றுமே இல்லாமல் ஆண்டுக்கணக்கில் காத்திருப்பதைவிட, உறுதியாக வரும் சிறு தொகை மேல் என்பதை வறுமையை அறிந்தவர்கள் மறுக்க மாட்டார்கள்.

இனி நம் நாட்டுக்கு வருவோம். மலேசியாவின் மோட்டார் காப்புறுதிச் சட்டம் இன்றும் தவறைக் கேட்கிறது. உரிமையியல் சட்டத்தின்படி குடும்பம் வழக்குத் தொடுக்கலாம். ஆனால் சாவு நேர்ந்து மூன்று ஆண்டுகளுக்குள் தொடுக்க வேண்டும். துயரத்துக்கெனக் கொடுக்கும் தொகை 2019-ஆம் ஆண்டில் 10,000 வெள்ளியிலிருந்து 30,000 வெள்ளியாக உயர்த்தப்பட்டது. இவை எல்லாம் எதிராளியின் தவறு உறுதியான பின்னரே.

அப்படியானால் நம் பால்வெட்டுத் தொழிலாளியின் மனைவிக்கு ஒன்றுமில்லையா? உண்டு. அது மோட்டார் காப்புறுதியிலிருந்து வருவதல்ல. நாம் சொக்சோ என்று சொல்லும் தொழிலாளர் சமூகப் பாதுகாப்பு நிறுவனத்திலிருந்து வருவது. 1969-ஆம் ஆண்டுச் சட்டத்தால் ஏற்பட்டு, 1971-ஆம் ஆண்டு வேலை தொடங்கிய நிறுவனம் அது. வீட்டிலிருந்து வேலைக்குப் போகும் வழியிலோ வேலையிலிருந்து வீடு திரும்பும் வழியிலோ நேரும் விபத்து, இன்று வேலை விபத்தாகவே கருதப்படுகிறது. சொந்தக் காரியமாக வழி மாறிப் போயிருக்கக் கூடாது என்பது நிபந்தனை. மற்றபடி லாரி தவறா, மோட்டார் சைக்கிள் தவறா என்ற கேள்வி இங்கே இல்லை. 1897-ஆம் ஆண்டு தொழிற்சாலை வாசலில் பிறந்த நியாயம், நம் நாட்டில் வேலைக்குப் போகும் சாலைவரை நீண்டு வந்திருக்கிறது.

கணக்கிடப்பட்ட நாட்சம்பளத்தில் நூற்றுக்கு 90 பங்கு, அவரைச் சார்ந்திருந்தவர்களுக்குக் கிடைக்கும். அதில் ஐந்தில் மூன்று பங்கு மனைவிக்கு, ஐந்தில் இரண்டு பங்கு பிள்ளைகளுக்கு. வேலை வழியில் அல்லாமல் வேறு வகையில் இறந்திருந்தாலும், போதிய சந்தா கட்டியிருந்தால் குடும்பத்துக்கு வாரிசு ஓய்வூதியம் கேட்க இடமுண்டு. சொக்சோ பணம் பெறுவதால், வெளியாரான லாரிக்காரர் மீது வழக்குத் தொடுக்கும் உரிமை போய்விடுவதுமில்லை.

ஆகவே, தாய்மார்களே, பெரியவர்களே, சில காரியங்களை மறந்துவிடாதீர்கள். வேலை வழியில் விபத்து என்றால், போலீஸ் புகாரில் அவர் வேலைக்குப் போய்க்கொண்டிருந்தார் அல்லது திரும்பிக்கொண்டிருந்தார் என்பது பதிவாக வேண்டும். தோட்ட நிர்வாகத்துக்கும் சொக்சோ அலுவலகத்துக்கும் உடனே தெரிவிக்க வேண்டும். சம்பளச் சீட்டுகளையும் பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழ்களையும் பத்திரமாக வைத்திருங்கள். கோயிலில் தாலி கட்டியதோடு நின்றுவிடாமல் திருமணத்தைப் பதிவு செய்யுங்கள். 1982-ஆம் ஆண்டு மார்ச்சு முதல் நம் திருமணங்கள் பதிவாக வேண்டும் என்பது சட்டம். பதிவு இல்லாத மனைவி, துக்கத்தின் நடுவே தான் மனைவி என்பதையே நிரூபிக்க அலைய நேரிடும். யாராவது ஒரு தாளை நீட்டிக் கையெழுத்துப் போடச் சொன்னால், தொழிற்சங்கத்தையோ விவரம் தெரிந்தவரையோ கேட்காமல் போடாதீர்கள்.

வேலை இல்லாத பாட்டி, பள்ளிக்கு நடந்து போகும் பிள்ளை ஆகியோர் வாகனத்தால் மாண்டால், மோட்டார் காப்புறுதிப் பணம் கேட்கும் குடும்பத்தின் வாசலில் அந்தப் பழைய காவற்காரன் இன்றும் நிற்கிறான். மற்ற நாடுகளில் அவனை விலக்கியது தானாக நடக்கவில்லை. விதவைகள் வழக்காடினார்கள், நீதிபதிகள் குரல் கொடுத்தார்கள், பிறகுதான் சட்டமன்றங்கள் அசைந்தன.

நம் எடுத்துக்காட்டில் வந்த அம்மாளிடம் யாராவது, "உன் வீட்டுக்காரர் மேல்தான் தப்பு, ஒன்றும் கிடைக்காது" என்று சொன்னால், அதோடு அவர் கதவைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்துவிடக் கூடாது. "தவறு யாருடையது என்பதைப் போலீசு பார்க்கட்டும். வேலைக்குப் போன வழியில் இறந்தார். என் பிள்ளைகளுக்கு உள்ளதைக் கொடுங்கள்" என்று கேட்க அவருக்கு உரிமை உண்டு. இதை உங்கள் பக்கத்து வீட்டாருக்கும் சொல்லி வையுங்கள்.